மூளையில் படியும் புரதம்: வந்த கேள்விகளும் என் பதில்களும்

பதினாறு வருடம் நரம்பு நோயியல் ஆய்வகத்தில் மூளைத் திசுக்களை மைக்ரோஸ்கோப்பில் பார்த்தவள் நான். மருந்து எழுதித் தரும் டாக்டர் இல்லை. அதை மனதில் வைத்துப் படியுங்கள்.

கேள்வி: அப்பாவுக்கு அல்சைமராம். மூளையில் புரதம் சேர்ந்துவிட்டது என்றார்கள். முட்டை, பருப்பை நிறுத்திவிடலாமா மேடம்?

பதில்: தயவுசெய்து நிறுத்தாதீர்கள். சாப்பிடும் புரதம் வயிற்றிலும் குடலிலும் அமினோ அமிலங்களாக உடைந்துவிடும். மூளையில் படிவது மூளைச் செல்களே தயாரிக்கும் புரதம். சாப்பிட்டோமா என்பதே மறந்துபோகிற, உடம்பு இளைத்துவரும் பெரியவருக்கு முட்டை ரொம்ப அவசியம். பார்க்கின்சன் என்ற நடுக்குவாத நோய்க்கு லெவோடோபா மாத்திரை சாப்பிடுகிறவர்களுக்கு மட்டும் வேறு கணக்கு. புரதம் நிறைந்த சாப்பாட்டோடு போட்டால் அந்த மாத்திரை உடம்பில் சரியாகச் சேராது. எந்த நேரத்தில் போடுவது என்று டாக்டரிடம் கேளுங்கள்.

கேள்வி: அப்படியானால் அது ஏன் சேர்கிறது?

பதில்: ஒவ்வொரு புரதமும் தனக்குரிய வடிவத்தில் மடிந்தால்தான் வேலை செய்யும். தப்பாக மடிந்ததைச் செல் உடைத்து அப்புறப்படுத்திவிடும். வயதாக ஆக அந்தத் துப்புரவு மந்தமாகிறது. மிஞ்சியவை ஒன்றோடொன்று ஒட்டி, சரியாக இருப்பதையும் தப்பாக மடிய வைக்கின்றன.

அல்சைமரில் இரண்டு புரதங்கள். அமிலாய்டு பீட்டா, செல் சவ்விலுள்ள ஒரு பெரிய புரதத்திலிருந்து வெட்டுப்பட்டு விழும் துண்டு. அதில் 42 அமினோ அமிலம் கொண்ட துண்டு அதிகமாக ஒட்டும். செல்லுக்கு வெளியே திட்டாகப் படியும். டாவ் என்பது நரம்புச் செல்லுக்குள்ளே இருக்கும் நுண்குழாய்களைத் தாங்கிப் பிடிப்பது. அதன்மேல் பாஸ்பேட் என்ற வேதிக்கூறு அளவுக்கு மீறி ஏறினால் பிடியை விட்டு, செல்லுக்குள்ளேயே முறுக்கிக்கொள்ளும்.

வெள்ளிச் சாயம் ஏற்றிய ஸ்லைடில் அமிலாய்டு திட்டு, பஞ்சுச் சிக்கல் மாதிரி கறுத்துத் தெரியும். டாவ் முடிச்சு தீச்சுடர் வடிவத்தில், செல் இருந்த இடம் முழுவதையும் அடைத்துக்கொண்டு நிற்கும். சில சமயம் செல் செத்து மறைந்திருக்கும், முடிச்சு மட்டும் அப்படியே கிடக்கும். அதைப் பார்த்த அன்று எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. 1906இல் ஜெர்மனியின் டூபிங்கனில் நடந்த கூட்டத்தில் அலாய்ஸ் அல்சைமர் விவரித்ததும் இதே காட்சிதான். அந்த மூளை அகஸ்டே டீட்டர் என்ற பெண்ணுடையது. 1901இல் பிராங்க்பர்ட் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டபோது அவருக்கு வயது 51தான்.

கேள்வி: பார்க்கின்சனும் இதே வகையா?

பதில்: கதை ஒன்று, புரதம் வேறு. அங்கே ஆல்ஃபா சைநியூக்ளின். அது செல்லுக்குள் உருண்டையாகத் திரளும். 1912இல் அதை விவரித்தவர் பெயரால் லூயி உருண்டைகள் என்கிறோம். இதன் விளைவை வெறும் கண்ணாலேயே பார்க்கலாம். சாதாரண நடுமூளையைக் குறுக்கே வெட்டினால் இருபுறமும் மை தீட்டியதுபோல் இரண்டு கறுப்புக் கோடுகள் இருக்கும். பார்க்கின்சனில் அந்த மை வெளுத்துப்போயிருக்கும்.

கேள்வி: பாட்டி தட்டில் வைத்த மிச்சத்தைப் பேரன் சாப்பிடுகிறான். தொற்றிக்கொள்ளுமா அக்கா?

பதில்: தொற்றாது. அந்தப் புரதம் ஒரே மூளைக்குள் செல்லுக்குச் செல் பரவும். தட்டு வழியாகவோ முத்தத்தின் வழியாகவோ பரவாது. தப்பாக மடிந்த புரதமே தொற்றாகப் பரவும் ப்ரியான் நோய்கள்தான் விதிவிலக்கு. பாப்புவா நியூகினியின் ஃபோரே மக்களிடம் குரு என்ற நோய் பரவியது, இறந்த உறவினரின் உடலை உண்ணும் ஈமச்சடங்கினால். சடங்கு நின்றது, நோயும் மெல்ல மறைந்தது. பேரனைப் பாட்டி பக்கத்திலேயே உட்கார விடுங்கள்.

கேள்வி: எனக்கு 62. மறதி அதிகமாகிறது. மூளை ஸ்கேனில் அமிலாய்டு தெரிந்தால் நோய் உறுதியா?

பதில்: இல்லை. கடைசிவரை தெளிவாக இருந்தவர்களின் மூளையிலும் திட்டுகள் நிறையக் கிடைக்கின்றன. படிவு தொடங்குவது அறிகுறிக்குப் பதினைந்து, இருபது வருடம் முன்பே. நினைவு எவ்வளவு குறைகிறது என்பதோடு அதிகம் ஒத்துப்போவது டாவ்தான். முதலில் பி12, தைராய்டு பாருங்கள். தூக்க மாத்திரை எடுக்கிறீர்களா, மனச்சோர்வு இருக்கிறதா, எப்போதாவது விழுந்து தலையில் அடிபட்டதா என்று டாக்டரிடம் சொல்லுங்கள். மூளை உறைக்கடியில் மெல்லக் கட்டும் ரத்தமும் மறதி மாதிரியே தெரியும். அதை எடுத்தால் பலர் தேறிவிடுகிறார்கள். சரிசெய்யக்கூடியதைத் தேடாமல் அல்சைமர் என்று முடிவு கட்டுவதில் எனக்குத் துளியும் சம்மதம் இல்லை.

கேள்வி: அமெரிக்காவில் புது ஊசி வந்திருக்கிறதாமே. நிலத்தை விற்றாவது அம்மாவுக்குப் போடலாமா? படுத்த படுக்கையாக இருக்கிறார்.

பதில்: வேண்டாம் தம்பி. லெகானமாப், டோனனமாப் என்ற அந்த இரண்டு ஊசிகளும் அமிலாய்டை உண்மையாகவே அகற்றுகின்றன. ஆனால் நோயின் ஆரம்ப நிலையில் உள்ளவர்களுக்கு மட்டும்தான் அனுமதி. லெகானமாப் சோதனையில் 18 மாதத்தில் சரிவு 27 சதவீதம் மெதுவானது. போன நினைவு திரும்பவில்லை. மூளை வீக்கமும் நுண்ணிய ரத்தக் கசிவும் வரலாம் என்பதால் அடிக்கடி எம்ஆர்ஐ எடுக்க வேண்டும். அந்தப் பணத்தில் இரவுக்கு ஓர் ஆள் வையுங்கள். படுக்கைப்புண் வராத மெத்தை வாங்குங்கள்.

கேள்வி: "தம்பி எப்போது வருவான்" என்று அம்மா நாள் முழுக்கக் கேட்கிறார். கத்திவிடுகிறேன், அப்புறம் அழுகிறேன்.

பதில்: டாவ் முடிச்சுகள் முதலில் கட்டுவது புது நினைவு பதியும் பகுதிக்குப் பக்கத்தில். நீங்கள் சொன்ன பதில் அங்கே பதியவே இல்லை. அவருக்கு ஒவ்வொரு தடவையும் அதுதான் முதல் தடவை. காலண்டர் தாளின் பின்பக்கத்தில் 'தம்பி ஆறு மணிக்கு வருவான்' என்று பெரிய எழுத்தில் எழுதி, அவர் உட்காரும் இடத்துக்கு நேரே ஒட்டுங்கள். கேட்டால் விரலால் காட்டுங்கள், அவரே வாசிக்கட்டும்.