ஜாங் நிங்: 29 வயதில் ஒரு தங்கம், 33இல் இன்னொன்று
வாசகர் கேள்வி – பதில்

பெண்கள் ஒற்றையர் பேட்மிண்டனில் என் ஓட்டு சீனாவின் ஜாங் நிங்குக்குத்தான் என்று போன இதழில் போகிறபோக்கில் ஒரு வரி எழுதியிருந்தேன். அந்த ஒரு வரிக்கு வந்த கடிதங்களைப் பார்த்தால், மற்ற பக்கங்களை யாரும் படித்ததாகவே தெரியவில்லை. சிலருக்குக் கோபம், பலருக்கு அவர் யார் என்றே தெரியவில்லை. அதனால் இந்த முறை முழுப் பகுதியும் அவருக்கே.

நான் சிந்து ஆட்டம் பார்த்து பேட்மிண்டனுக்கு வந்தவள். ஜாங் நிங் பெயரைக் கேள்விப்பட்டதே இல்லை. யார் சார் அவர்?
– கல்லூரி மாணவி

வடகிழக்குச் சீனாவில் லியாவோனிங் மாகாணத்தின் ஜின்ஜோ நகரத்துக்காரர். 1975இல் பிறந்தவர். நல்ல உயரம், 1.75 மீட்டர். 2004 ஏதென்ஸ், 2008 பெய்ஜிங் என்று அடுத்தடுத்த இரண்டு ஒலிம்பிக்கில் ஒற்றையர் தங்கம் வாங்கினார். ஒற்றையரில் அப்படித் தங்கத்தைத் தக்கவைத்த முதல் ஆட்டக்காரர் அவர்தான், ஆண்களையும் சேர்த்துத்தான் சொல்கிறேன். ஆண்களில் சீனாவின் லின் டான் அதைச் செய்தது அதற்குப் பிறகு, 2012இல். பெண்களில் 2024 பாரிஸ் வரைக்கும் வேறு யாரும் இரண்டு ஒற்றையர் தங்கம் வாங்கவில்லை.

நீங்கள் கேள்விப்படாததில் ஆச்சரியமில்லை. அவருடைய ஆட்டத்தில் அடுத்தவருக்குக் காட்டி மகிழ ஒன்றும் இருக்காது. ஓங்கிக் கீழ்நோக்கி ஒரு ஸ்மாஷ் அடித்துவிட்டு உறுமுகிற வழக்கம் கிடையாது. பின்கோட்டின் இரண்டு மூலைக்கும் மாறிமாறி உயரமாகத் தூக்கிப்போடுவார், திடீரென்று நெட்டுக்குப் பக்கத்தில் மெதுவாக விழுகிற ஒரு டிராப் வைப்பார், எதிராளி ஓடியோடி அலுத்துப்போய்த் தானே தப்பு செய்கிறவரை அதையே செய்வார். பார்க்கிறவருக்கும் கொஞ்சம் பொறுமை வேண்டும்.

28 வயதில்தான் உலக சாம்பியன் ஆனார் என்று படித்தேன். சீனாவில் அந்த வயதுக்குள் வீட்டுக்கு அனுப்பிவிடுவார்களே! அதுவரை என்ன செய்துகொண்டிருந்தார்?
– பள்ளி உடற்கல்வி ஆசிரியர்

காத்திருந்தார். ஆனால் அந்தக் காத்திருப்புக்கு முன்னால் ஒரு அடி விழுந்தது, அதைச் சொல்லியாக வேண்டும்.

1994 மே மாதம், ஜகார்த்தா. பெண்களுக்கான உலக அணிப் போட்டியான ஊபர் கோப்பையின் பைனல், சீனாவுக்கும் இந்தோனேசியாவுக்கும். 1984இலிருந்து ஐந்து முறை தொடர்ந்து அந்தக் கோப்பையைச் சீனாதான் வைத்திருந்தது. அன்றைக்கு 2–2 என்று சமநிலை, மிச்சம் ஒரே ஒரு ஒற்றையர் ஆட்டம். சீனாவின் பக்கம் 19 வயது ஜாங் நிங். எதிரே மியா அவுடினா என்ற 14 வயதுச் சிறுமி. அரங்கம் முழுக்க இந்தோனேசிய ரசிகர்கள். இந்தோனேசிய ரசிகர்களின் சத்தத்தைக் கேட்டவர்களுக்குத் தெரியும், கோர்ட்டுக்குள் நிற்கிறவருக்கு ஷட்டில் மட்டையில் படும் ஒலிகூடக் காதில் விழாது. 11–7, 10–12, 11–4. சிறுமி ஜெயித்தாள், கோப்பை இந்தோனேசியாவுக்குப் போனது.

அணிப் போட்டியில் கடைசி ஆட்டத்தைத் தோற்றவர் பெயரில்தான் மொத்தத் தோல்வியும் எழுதப்படும். முன்னால் இரண்டு ஆட்டம் தோற்றவர்களை யாரும் ஞாபகம் வைத்துக்கொள்வதில்லை. 1996 அட்லாண்டா ஒலிம்பிக்கில் ஜாங் நிங் இல்லை. 2000 சிட்னியிலும் இல்லை. சிட்னியில் சீனாவின் கோங் ஜிச்சாவ் தங்கம், யே ஜாவோயிங் வெண்கலம். இவருக்கு அப்போது 25 வயது. தேசிய அணியில் பயிற்சிக் கூட்டாளியாகக் காலம் தள்ளிவிட்டு, சொந்த மாகாணத்துக்குத் திரும்பிப் பயிற்சியாளர் வேலை பார்ப்பதுதான் இந்த மாதிரி ஆட்களுக்கு அங்கே வழக்கமாக எழுதிவைத்த முடிவு.

அது நடக்காததற்குக் காரணமாக எனக்குத் தெரிவது இரண்டு. ஒன்று, பயிற்சியாளர் டாங் ஷுவேஹுவா இவரை விடாமல் பிடித்துவைத்திருந்தது. இன்னொன்று, சிட்னிக்குப் பிறகு கோங் ஜிச்சாவ், யே ஜாவோயிங் தலைமுறை ஒதுங்கியதில் மேலே இடம் காலியானது. 2003இல் பர்மிங்காமில் உலக சாம்பியன் ஆனார், பைனலில் தோற்றவர் சொந்த அணியின் கோங் ருயினா. திறமை, உழைப்பு என்று பக்கம் பக்கமாக எழுதலாம். ஆனால் முன்னால் நின்ற வரிசை நகர்ந்ததும் ஒரு காரணம் என்பதை ஏன் மறைக்க வேண்டும்?

ஏதென்ஸ் அரையிறுதியில் எதிராளியைத் தோற்கச் சொன்னார்களாமே. அப்படியானால் அந்தத் தங்கம் சுத்தமானதா?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகர்

பெயரை ஏன் மறைத்தீர்கள்? நியாயமான கேள்விதானே.

நடந்தது இது. ஏதென்ஸில் அரையிறுதிக்கு வந்த நான்கு பேரில் மூன்று பேர் சீனர்கள். ஜாங் நிங்கை எதிர்த்து ஜோ மி. இன்னொரு பக்கம் கோங் ருயினாவை மியா அவுடினா வீழ்த்திவிட்டார். ஆமாம், அதே மியாதான். கல்யாணமாகி நெதர்லாந்துக்குக் குடிபோய், அந்த நாட்டுக்காக ஆடிக்கொண்டிருந்தார். சீனர்கள் இருவர் மோதிய ஆட்டத்தில் முதல் கேமை ஜாங் நிங் எடுத்ததும், அதிகம் போராடாமல் விட்டுக்கொடுக்கும்படி ஜோ மியிடம் சொல்லப்பட்டது. ஜாங் நிங் களைப்பில்லாமல் பைனலுக்குப் போக வேண்டும் என்பது கணக்கு. இது வதந்தி இல்லை. தலைமைப் பயிற்சியாளர் லீ யோங்போவே பிறகு தொலைக்காட்சியில் ஒப்புக்கொண்டார், அதுவும் நாட்டுப்பற்று என்ற தொனியில்.

இது முதல் முறையும் இல்லை. 2000 சிட்னி அரையிறுதியில் கோங் ஜிச்சாவிடம் தோற்கும்படி தனக்கு உத்தரவு வந்ததாக யே ஜாவோயிங் பல வருடம் கழித்து டென்மார்க் தொலைக்காட்சியிடம் சொன்னார். இந்தப் பழக்கம் சந்தி சிரித்தது 2012 லண்டனில். அங்கே காலிறுதியில் வசதியான எதிராளி கிடைக்க வேண்டும் என்று வேண்டுமென்றே நெட்டில் அடித்த நான்கு பெண்கள் இரட்டையர் ஜோடிகளைப் போட்டியை விட்டே வெளியேற்றினார்கள். ஒரு ஜோடி சீனா, இரண்டு தென் கொரியா, ஒன்று இந்தோனேசியா.

என் பதில்: அந்த அரையிறுதி சுத்தமில்லை. அநியாயம் நடந்தது ஜோ மிக்கு, அவர் வெண்கலத்தோடு திரும்பினார். பிறகு சீன அணியை விட்டு விலகி, ஹாங்காங்குக்காக ஆடி உலகத் தரவரிசையில் முதலிடத்துக்கே வந்தார். அன்று அவர் மனசுக்குள் என்ன ஓடியிருக்கும் என்று யோசித்தால் எனக்கு இன்றைக்கும் எரிச்சல் வரும். ஆனால் பைனலை யாரும் யாருக்கும் விட்டுக்கொடுக்கவில்லை. ஜாங் நிங் 8–11 என்று முதல் கேமை இழந்து, 11–6, 11–7 என்று மீட்டார். எதிரே இருந்தவர் பத்து வருடத்துக்கு முன்னால் ஜகார்த்தாவில் தன்னை அழவைத்த அதே ஆள். பதக்கத்தின் பெரும்பகுதி ஜாங் நிங்குடையது, ஒரு மூலையில் லீ யோங்போவின் கைரேகை இருக்கிறது. இரண்டையும் சேர்த்துத்தான் பார்க்க முடியும்.

33 வயதில் பெய்ஜிங்கில் ஜெயித்தது எப்படி? எதிரே ஆடிய ஷியே ஷிங்ஃபாங் அப்போது உச்சத்தில் இருந்தாரே!
– கிளப் ஆட்டக்காரர்

உச்சம் மட்டுமா? 2005 உலகப் போட்டி பைனல், 2006 உலகப் போட்டி பைனல் இரண்டிலும் ஜாங் நிங்கை வீழ்த்தியவர் அதே ஷியேதான். ஆறு வயது இளையவர், இவரைப் போலவே உயரம், கால் இன்னும் வேகம். 2007 உலக சாம்பியன் ஜூ லின்னுக்கே பெய்ஜிங் அணியில் இடம் கிடைக்கவில்லை, ஏனென்றால் ஒரு நாட்டுக்கு மூன்று பேருக்கு மேல் கிடையாது. அந்த மூன்றில் ஒன்றை 33 வயதுக்காரருக்குக் கொடுத்தது சரியா என்று யாராவது கேட்டிருந்தால் நானும் தலையைச் சொறிந்திருப்பேன்.

இன்னொரு சங்கதி. ஏதென்ஸில் அவர் ஆடியது பழைய கணக்கு: பெண்களுக்கு 11 பாயின்ட், சர்வீஸ் கையில் இருந்தால்தான் பாயின்ட் ஏறும். 2006இல் அதை மாற்றி, யார் சர்வீஸ் போட்டாலும் ஒவ்வொரு ரேலிக்கும் ஒரு பாயின்ட், 21 வரை என்று ஆக்கினார்கள். பழைய முறையில் ஒரு தப்பு செய்தால் சர்வீஸ் மட்டும் போகும், திரும்ப வாங்கிக்கொள்ளலாம். புதிய முறையில் ஒவ்வொரு தப்புக்கும் அந்த இடத்திலேயே அபராதம். பழைய முறையிலேயே ஊறிய பலர் இதில் தடுமாறினார்கள். ஜாங் நிங்குக்கு 31 வயதில் கணக்கு மாறியது. ஆனால் தப்பே செய்யாமல் ஆடுவதுதான் அவருடைய தொழிலே என்பதால், புதிய முறை அவரைச் சாய்க்கவில்லை என்பது என் கட்சி. இரண்டு விதமான கணக்கிலும் ஒலிம்பிக் ஒற்றையர் தங்கம் வாங்கிய பெண் அவர் ஒருவர்தான்.

2008 ஆகஸ்ட் 16 பைனலை டிவியில் பார்த்தேன். முதல் கேம் 21–12. இரண்டாவது 10–21. அந்த இரண்டாவது கேமில் பாதிக்கு மேல் அவர் மூச்சைச் சேமிக்க ஆரம்பித்துவிட்டார் என்றுதான் நினைக்கிறேன். போகிற கேமைத் துரத்திக் காலைக் கெடுத்துக்கொள்ளாமல் இருப்பதும் ஒரு வித்தைதான். மூன்றாவது 21–18. அதில் ஸ்மாஷ் அடிக்கத் தோதான உயரத்தில் ஷட்டிலைப் பார்க்கவே ஷியேவை ஜாங் நிங் விடவில்லை, ஒன்று தலைக்குப் பின்னால், இல்லாவிட்டால் முழங்காலுக்குக் கீழே. அந்த ஒலிம்பிக்கின் நிறைவு விழாவில் சீனக் கொடியைத் தூக்கிக்கொண்டு நடந்தவரும் ஜாங் நிங்தான்.

ஓய்வுக்குப் பிறகு?
– குடும்பத் தலைவி

பெய்ஜிங்கோடு மட்டையை வைத்துவிட்டு, சீனப் பெண்கள் ஒற்றையர் அணிக்கே பயிற்சியாளர் ஆனார். 2012 லண்டன் பைனலில் நின்ற லீ ஷுவேருய், வாங் இஹான் இருவரும் அவர் பார்வையில் ஆடியவர்கள். லீ ஜெயித்தார். அதே லீயைச் சில வாரம் முன்னால்தான் நம் சாய்னா இந்தோனேசிய ஓப்பன் பைனலில் வீழ்த்தியிருந்தார், அதையும் சொல்லாவிட்டால் அடுத்த வாரம் நீங்கள் கடிதம் போடுவீர்கள்.

சுசி சுசாந்தியை மறந்துவிட்டு இவரை முதலிடத்தில் வைத்தது அநியாயம்!
– பழைய ரசிகர்

மறக்கவில்லை ஐயா. 1992 பார்சிலோனாவில் பெண்கள் ஒற்றையரின் முதல் ஒலிம்பிக் தங்கமே இந்தோனேசியாவின் சுசியுடையதுதான், 1993இல் உலகப் பட்டம், அதோடு பழம்பெரும் போட்டியான ஆல் இங்கிலாந்தில் நான்கு பட்டங்கள். ஜாங் நிங்குக்கு ஆல் இங்கிலாந்து ஒன்றுகூட இல்லை. 2005, 2006 உலகப் போட்டி பைனல் இரண்டிலும் ஷியேவிடம் தோற்றார். பட்டங்களை எண்ணினால் உங்கள் பக்கம் கனம்தான், ஒத்துக்கொள்கிறேன். என் ஓட்டை மட்டும் மாற்றிக்கொள்ள மாட்டேன்.