நரம்பணுவா, மைட்டோகாண்டிரியாவா?

கேள்வி: நான் உயிர்வேதியியல் இளநிலை மூன்றாம் ஆண்டு மாணவி. மூளை நரம்பணுக்களிலும் மைட்டோகாண்டிரியாவிலும் எனக்கு ஈடுபாடு உண்டு. இரண்டும் வெவ்வேறு துறைகள், ஒன்றை விட்டுவிடு என்கிறார்கள். எதை விடுவது?
– வாசகி, பாளையங்கோட்டை

பதில்: எதையும் விட வேண்டாம். உடல் எடையில் ஏறத்தாழ 2 விழுக்காடே உள்ள மூளை, உடல் ஓய்வில் செலவிடும் ஆற்றலில் சுமார் 20 விழுக்காட்டை எடுத்துக்கொள்கிறது. அதில் பெரும்பகுதியை உயிரணுவுக்குள் ஆற்றல் உண்டாக்கும் நுண்ணுறுப்பான மைட்டோகாண்டிரியா தருவதால், அது பழுதானால் நரம்பணுக்கள் எளிதில் பாதிக்கப்படுகின்றன. 1980களின் தொடக்கத்தில் கலிஃபோர்னியாவில் கள்ளத்தனமாகத் தயாரிக்கப்பட்ட போதைமருந்தை ஊசியில் ஏற்றிக்கொண்ட சிலர், உடலசைவைக் குலைக்கும் பார்க்கின்சன் நோய் முற்றியவர்களைப்போல அசைவற்றுப்போனார்கள். அதில் கலந்திருந்த எம்பிடிபி என்னும் பொருள் மூளைக்குள் உருமாறி, உடலசைவுக்கு வேண்டிய டோபமைனைச் சுரக்கும் நரம்பணுக்களின் மைட்டோகாண்டிரியாவில், ஆற்றல் உண்டாக்க உதவும் புரதத் தொடரான சுவாசச் சங்கிலியின் முதல் கூட்டமைப்பை முடக்கியது என்பது பின்னர் தெரியவந்தது.

இளம் ஆய்வாளர் ஒருவர் இவ்விரண்டையும் எப்படி இணைக்கலாம் என்பதற்கு டெரிக் நரேந்திராவின் ஆய்வு நல்ல சான்று. அமெரிக்கத் தேசிய நலவாழ்வு நிறுவனத்தில் அவர் சேர்ந்த ரிச்சர்ட் யூலின் ஆய்வகம், உயிரணு இறப்பையும் அதில் மைட்டோகாண்டிரியாவின் பங்கையும் ஆராய்ந்துவந்த இடம். பரம்பரைப் பார்க்கின்சன் நோயோடு 1998இல் தொடர்புபடுத்தப்பட்ட பார்க்கின் புரதத்தை ஒளிரச் செய்து, மைட்டோகாண்டிரியாவின் சவ்வு மின்னழுத்தத்தைக் குலைக்கும் சிசிசிபி என்ற வேதிப்பொருளை உயிரணுக்களுக்குக் கொடுத்தார்கள். அதுவரை உயிரணு முழுதும் பரவிக் கிடந்த ஒளி, ஒரு மணி நேரத்திற்குள் பழுதான மைட்டோகாண்டிரியாவின்மேல் திரண்டது. பிறகு அவை செரித்து அகற்றப்பட்டன. 2008இல் வெளிவந்த அந்தக் கட்டுரையின் முதல் ஆசிரியர் நரேந்திரா. அந்த உயிரணுக்களில் பெரும்பாலானவை நரம்பணுக்களே அல்ல, எளிதில் வளரும் ஹீலா புற்றுநோய் அணுக்கள். நரம்பணுக்களில் இதே செயல் எந்த அளவுக்கு நடக்கிறது என்ற விவாதம் அதன்பின் நெடுங்காலம் நீடித்தது. உங்களைப் போன்றவர்களுக்கு இன்னும் வேலை இருக்கிறது என்றே நான் இதைப் புரிந்துகொள்கிறேன்.

ஆகவே துறையின் பெயரைப் பார்த்துச் சேராதீர்கள். ஆய்வகம் எந்தக் கேள்வியைத் துரத்துகிறது என்று பாருங்கள். முதுநிலை அறிவியல் படிப்புகளுக்கான ஜாம் நுழைவுத்தேர்வு எழுதி பெங்களூரு இந்திய அறிவியல் கழகத்தின் ஒருங்கிணைந்த முனைவர் படிப்புக்கு விண்ணப்பிக்கலாம். முதுநிலை முடித்துச் செல்வதானால் நெட், கேட் போன்ற தேசியத் தகுதித் தேர்வுகள் உண்டு. நோயாளிகளோடு நெருங்கிய ஆய்வு வேண்டுமானால் மனநல, நரம்பியல் மருத்துவ நிறுவனமான பெங்களூரு நிம்ஹான்ஸையும், மைட்டோகாண்டிரிய மரபணுவில் நாட்டம் மிகுந்தால் உயிரணு, மூலக்கூறு உயிரியல் ஆய்வு மையமான ஹைதராபாத்தின் சிசிஎம்பியையும் பாருங்கள்.

நேர்முகத் தேர்வுக்கு முன் ஓர் அளவீட்டையாவது அடிவரை புரிந்துகொள்ளுங்கள். டிஎம்ஆர்எம் என்னும் ஒளிரும் சாயம் சவ்வின் மின்னழுத்தத்தை நம்பியே மைட்டோகாண்டிரியாவுக்குள் சேர்கிறது. அழுத்தம் குறைந்தால் அதன் ஒளி மங்குவது ஏன், சாயத்தை மிகுதியாக ஊற்றினால் அந்த அளவீடு எப்படி ஏமாற்றும் என்று விளக்கத் தெரிந்த மாணவியிடம், நரம்பியலா உயிர்வேதியியலா என்று எந்தத் தேர்வுக் குழுவும் கேட்டுக்கொண்டிருக்காது.