மரத்தால் கட்டிய விடுதி 570 வருஷம் எப்படி நிற்கும்?

வணக்கம் ஐயா,

போன மாதம் இங்கிலாந்தில் க்ளாஸ்டர் ஊரில் நியூ இன் என்ற பழைய விடுதியைப் பார்த்தோம். 1450 வாக்கில் கட்டியது என்றார்கள். எங்கள் வீட்டு மரக்கதவே இருபது வருஷத்தில் உளுத்துவிட்டது. மரச்சட்டகக் கட்டடம் எப்படி இத்தனை காலம் தாங்கும்? பாதியைப் பிற்காலத்தில் மாற்றியிருப்பார்கள்தானே? அப்புறம் அதைப் பழைய கட்டடம் என்று சொல்வது சரியா?

ஆர்., கோவை

அன்புள்ள ஆர்.,

சரிதான், தாராளமாகச் சொல்லலாம். பழுதுபார்க்கத் தோதாகக் கட்டியதால்தான் இந்த வகைக் கட்டடங்கள் இத்தனை காலம் நிற்கின்றன.

அந்தக் காலத்துத் தச்சர்கள் ஓக் மரத்தைப் பச்சையாகவே இழைத்தார்கள். நன்றாகக் காய்ந்துவிட்டால் ஓக்கில் உளி இறங்குவது கஷ்டம். தூண், உத்திரம், கைமரம் எல்லாவற்றையும் தச்சுக்கூடத்துத் தரையில் கிடத்தி, துளையும் அதில் செருகும் கழுந்தும் வெட்டிப் பொருத்திப் பார்ப்பார்கள். ஒவ்வொரு மூட்டிலும் ரோமன் எண் போல ஒரு குறி கீறிவிட்டுப் பிரித்து, வண்டியில் ஏற்றிக் கொண்டுபோய், குறி பார்த்து நிறுத்துவார்கள். மூட்டுகளில் இரும்பு ஆணி கிடையாது, ஓக் முளைதான். மரம் காயக் காய மூட்டு இறுகும். பழைய சட்டகங்களில் தெரியும் கோணல்கள் பல அப்படி வந்தவை.

பாரத்தைச் சுமப்பது சட்டகம்தான். சுவர் என்பது தூண்களுக்கு நடுவே வரிச்சு கட்டி, களிமண்ணும் வைக்கோலும் சாணமும் குழைத்து அப்பி, சுண்ணாம்பு பூசியது. ஆகவே ஒரு தூணின் அடி இற்றுப்போனால் அதை மட்டும் அறுத்தெடுத்துவிட்டுப் புது ஓக்கை இணைக்கலாம்.

யாருக்காகக் கட்டினார்கள் என்பதும் நியூ இன்னின் உருவத்தில் தெரிகிறது. பதவி பறிக்கப்பட்டு, 1327இல் பார்க்லி கோட்டையில் சிறையிலிருந்தபோது இறந்த அரசர் இரண்டாம் எட்வர்டை க்ளாஸ்டர் புனித பீட்டர் மடத்தில் அடக்கம் செய்தார்கள். அந்தக் கல்லறையைத் தேடி யாத்ரீகர்கள் வரத் தொடங்கினார்கள். அவர்கள் தங்க மடமே கட்டிய விடுதி இது. ஜான் ட்வைனிங் என்ற துறவி பொறுப்பேற்றுக் கட்டினார். தெருவிலிருந்து ஒரு வழி, உள்ளே முற்றம், சுற்றிலும் அறைகள், மேல்தளத்தில் முற்றத்தைப் பார்த்த திறந்த மர நடை. யாரும் இன்னொருவர் அறை வழியாகத் தன் அறைக்குப் போகவேண்டியதில்லை. ஊர் ஊராக வந்து சேரும் முன்பின் தெரியாத மனிதர்களுக்கு இது எவ்வளவு பெரிய வசதி! எனக்கு அந்தக் கட்டடத்தில் மிகவும் பிடித்தது இந்த நடைதான்.

லண்டன் சதர்க்கில் இதே அமைப்பில் ஜார்ஜ் விடுதி இருக்கிறது. 1676இல் நடந்த தீவிபத்துக்குப் பிறகு திரும்பக் கட்டியது. இன்று அதில் ஒரு பக்கம்தான் மிச்சம். மற்றப் பகுதிகள் உளுத்து விழவில்லை. 1889இல் ரயில்வே கம்பெனி இடித்தது. நினைத்தாலே வயிறு எரிகிறது.

உளுத்துப்போவதற்குக் காரணம் பெரும்பாலும் தேங்கும் ஈரம். ஓக்கைத் துளைக்கும் டெத்வாட்ச் வண்டுகூட ஈரம் பட்டு மெத்துப்போன மரத்தில்தான் செழிக்கும். போன நூற்றாண்டில் பழைய வீடுகள் பலவற்றில் சுண்ணாம்பை உரித்துவிட்டு சிமெண்ட் பூசினார்கள். சுண்ணாம்பு ஈரத்தை வெளியே விடும், சிமெண்ட் உள்ளேயே அடைத்துவிடும். பல நூற்றாண்டு நின்ற தூண்கள் சில பத்தாண்டுகளில் உள்ளுக்குள் இற்றுப்போயின. இப்போது அந்த சிமெண்டைக் கொத்தி எடுத்துவிட்டு, மறுபடியும் சுண்ணாம்பே பூசிக்கொண்டிருக்கிறார்கள்.