நாவல் எழுதுவோர் கேள்வி பதில்: நினைவுகளை எங்கே வைப்பது?

கேள்வி: மனைவியை இழந்த அறுபது வயதுக்காரரைப் பற்றி நாவல் எழுதுகிறேன். பாதிக்கு மேல் ஃப்ளாஷ்பேக். படித்துப் பார்த்தவர்கள் கதை நகரவில்லை என்கிறார்கள்.

பதில்: ஒவ்வொரு ஃப்ளாஷ்பேக்கின் ஓரத்திலும் இரண்டு குறிப்பு எழுதுங்கள். இப்போது எது இதைக் கிளறியது? நினைத்து முடித்ததும் அவர் என்ன செய்கிறார்? பெரும்பாலும் இரண்டாவதற்குத்தான் பதில் இருக்காது. அந்தப் பகுதியை வெட்டுங்கள், இல்லையேல் இடம் மாற்றுங்கள். பழைய கடிதத்தைப் படித்து முடித்தவர் மகளிடம் ஒரு பொய் சொல்லட்டும், அல்லது வீட்டை விற்க மறுக்கட்டும். முதல் ஃப்ளாஷ்பேக்கும் அவசரமாக வர வேண்டாம். இன்று அவருக்கு என்ன சிக்கல் என்பது வாசகருக்குப் பிடிபட்ட பிறகு வரட்டும்.

இன்னொன்று. நடுவயதைத் தாண்டியவர்களுக்கு ஏறக்குறைய 10 முதல் 30 வயது வரையிலான நினைவுகளே அதிகம் மேலெழுகின்றன என்று உளவியல் ஆய்வுகள் சொல்கின்றன. உங்கள் நாயகருக்கு இருபது வயதின் ஒரு மாலை துல்லியமாகவும், நாற்பதுகள் மங்கலாகவும் இருக்கலாம். எல்லாக் காலத்தையும் ஒரே தெளிவில் எழுதினால் படிக்கிறவர் நம்ப மாட்டார்.

கேள்வி: மனைவி அவரைப் பிரிந்துபோகும் காட்சி மூன்று முறை வருகிறது. அலுக்காதா?

பதில்: மாறாமல் வந்தால் கட்டாயம் அலுக்கும். நினைவே மாறக்கூடியதுதானே! 1974-இல் உளவியல் ஆய்வாளர்கள் லாஃப்டஸ், பாமர் இருவரும் கார் விபத்துப் படம் ஒன்றைக் காட்டி, வேகம் பற்றிக் கேட்டார்கள். சிலரிடம் ‘மோதியபோது’ என்றும், வேறு சிலரிடம் ‘மோதி நொறுங்கியபோது’ என்றும் கேள்வி. ஒரு வாரம் கழித்து, படத்தில் இல்லாத உடைந்த கண்ணாடியைப் பார்த்ததாக இரண்டாம் பிரிவினரே அதிகம் சொன்னார்கள்.

முதல் முறை ‘அவள் போய்விட்டாள்’ என்பவர், மூன்றாம் முறை ‘நான்தான் போகச் சொன்னேன்’ என்று ஒத்துக்கொள்ளட்டும். ஒரு தடவைக்கு ஒரு மாற்றம் போதும். அந்த மாற்றம், தன்னை யாரென்று அவர் நம்பிக்கொண்டிருக்கிறாரோ அந்த இடத்தில் விழ வேண்டும். கைவிடப்பட்டவன் என்ற எண்ணத்திலேயே வாழ்ந்தவருக்கு இனி அந்தப் பிடி இல்லை. நாவலின் உண்மையான இழப்பு அங்கேதான் நிகழ்கிறது. மழை, கைக்கடிகாரம் என ஒன்றிரண்டு விவரங்களை மட்டும் மூன்றிலும் மாற்றாதீர்கள். அதே காட்சிதான் என்று வாசகர் கண்டுகொள்ள அவை வேண்டும்.

கேள்வி: ஃப்ளாஷ்பேக் முழுக்க ‘வந்திருந்தாள், சொல்லியிருந்தாள்’ என்றே எழுத வேண்டுமா?

பதில்: வேண்டாம், மூச்சு முட்டும். முதல் ஒன்றிரண்டு வாக்கியங்களில் காலத்தை நிறுவிவிட்டு ‘வந்தாள், சொன்னாள்’ என்று போங்கள். திரும்பும்போது, ஃப்ளாஷ்பேக்குக்கு முன்பே காட்டிய ஒரு பொருளையோ ஒலியையோ கொண்டுவந்தால் போதும்.