காலத்துறைத் தேர்வு – கடிதம்

அன்புள்ள ஐயா,

அறிவியல் புனைகதை ஒன்று எழுதிக்கொண்டிருக்கிறேன். வருங்கால அரசில் காலத்துறை என்று ஒரு துறை. அதில் சேர ஒரு தகுதித் தேர்வு. கண்ணை மூடிக்கொண்டு ஒரு நிமிடத்தைக் கணிக்க வேண்டும், ஒளிக்கும் மணியோசைக்கும் உள்ள இடைவெளியைச் சொல்ல வேண்டும் என்று ஐம்பது கேள்விகள். மதிப்பெண்படி கடிகாரக் காப்பாளர், பதிவாளர் என்று பணி ஒதுக்குவார்கள். என் நாயகன் அரை விநாடி பிசகித் தோற்று வெளியேறுகிறான். கேள்விகளில் எவற்றை நீக்கலாம்? ‘காலத்துறை’ என்ற பெயர் பொருந்துகிறதா?

ச.

அன்புள்ள ச.,

பெயர் இருந்துவிட்டுப் போகட்டும். உங்கள் நாயகன் தோற்கும் பக்கத்தைப் படித்ததும் டேவிட் கின்னபுரூக் நினைவுக்கு வந்தார். சில வாரங்களாகவே அந்த மனிதர் என் மனதை விட்டு அகலவில்லை.

கிரீனிச் வான் ஆய்வகத்தில் உதவியாளராக இருந்தவர் அவர். தலைமை, அரச வானியலாளர் நெவில் மாஸ்கலின். தொலைநோக்கிக்குள் செங்குத்தாக மெல்லிய கம்பிகள் இருக்கும். விண்மீன் கம்பியைக் கடக்கும் கணத்தைக் குறிக்க வேண்டும். முதலில் கடிகாரத்தைப் பார்த்து விநாடியை மனதில் வாங்கிக்கொள்ள வேண்டும். பிறகு கண் தொலைநோக்கியில், காது ஊசலின் தட்டில். கம்பிக்கு முந்தைய தட்டில் விண்மீன் எங்கே இருந்தது, அடுத்த தட்டில் எங்கே இருந்தது என்று பிடித்துவைத்து, அந்த இடைவெளியை மனதாலேயே பத்தாகப் பகுத்து எழுத வேண்டும். குளிரில், இருட்டில், இரவுதோறும்.

1794இல் மாஸ்கலின், கின்னபுரூக் இருவர் கணக்கும் ஒத்துப்போயின. 1795 ஆகஸ்டிலிருந்து கின்னபுரூக் அரை விநாடி தாமதமாகக் குறிக்கத் தொடங்கினார். 1796 ஜனவரியில் அது 0.8 விநாடியானது. வேலை போயிற்று. அவர் நல்ல உழைப்பாளி என்றும், மனமில்லாமல்தான் அனுப்பியதாகவும் மாஸ்கலினே பதிவு செய்திருக்கிறார்.

யார் கணக்குப்படி தாமதம்? மாஸ்கலினின் கணக்குப்படி! அதையும் அவரே எழுதியிருக்கிறார். அந்த 0.8 விநாடியில் கின்னபுரூக்கின் பங்கு எவ்வளவு, மாஸ்கலினின் பங்கு எவ்வளவு என்று எவரும் கேட்கவில்லை. மேலே இருப்பவர் சரி, கீழே இருப்பவர் பிழை என்று முடித்துவிட்டார்கள். இரண்டு பேரின் வித்தியாசத்தை ஒருவர் தலையில் மட்டும் கட்டுவது எந்த ஊர் நியாயம்?

கோனிக்ஸ்பெர்க்கின் வானியலாளர் பெசல் இந்தப் பதிவை அறிந்து, 1820இல் வால்பெக் என்ற வானியலாளரோடு தன் கணக்கை ஒப்பிட்டார். ஒரு விநாடிக்கும் மேல் வித்தியாசம்! பின்னர் ஆர்கெலாண்டர் என்ற இன்னொரு வானியலாளரோடு ஒப்பிட்டபோதும் அப்படியே. யாரும் கற்றுக்குட்டிகள் அல்லர். பெசல் எவரையும் பிழைக்காரர் ஆக்கவில்லை. ஒவ்வொருவருக்கும் ஓர் இயல்பான விலகல் உண்டு, அதை அளந்து கணக்கில் சேர்த்துக்கொள்ளலாம் என்ற வழி அங்கே பிறந்தது. கின்னபுரூக் 1802இலேயே இறந்துவிட்டார்.

பள்ளி விளையாட்டு விழாவில், ஓட்டம் முடியும் கோட்டருகே நோட்டுடன் நின்றிருக்கிறேன். முதலிடத்துக்கு மூன்று ஆசிரியர்கள், மூன்று ஸ்டாப்வாட்ச். ‘துப்பாக்கிப் புகையைப் பார்த்து அழுத்துங்கள், சத்தத்துக்குக் காத்திருக்காதீர்கள்’ என்று உடற்பயிற்சி ஆசிரியர் ஒவ்வொரு ஓட்டத்துக்கும் சொல்வார். அப்படியும் மூன்றும் ஒன்றாக வந்தால் அதிசயம். மூன்றும் வேறானால் நடுவில் உள்ளதை எழுது என்பது விதி. தலைமை ஆசிரியரின் கையில் இருந்த கடிகாரத்துக்கும் அதே விதிதான். எவரும் யாரையும் திட்டவில்லை, அடுத்த ஓட்டத்துக்குப் போனோம்.

உங்கள் மேல் எனக்குக் கோபம் இங்கேதான். தேர்வு மேசைக்குப் பின்னால் ஓர் அதிகாரியை உட்கார வைத்திருக்கிறீர்கள். அவருடைய அரை விநாடியை யார் சோதித்தது? உங்களுக்கே அந்தச் சந்தேகம் எழவில்லையே! தோற்றவனுக்காக இரண்டு பக்கம் அழுதிருக்கிறீர்கள், நன்றாகவும் அழுதிருக்கிறீர்கள். அவன் தோற்றானா என்று மட்டும் கேட்கவில்லை. நல்ல கை உங்களுக்கு, தம்பி. ஆனால் அதிகாரத்தின் கடிகாரத்தை அப்படியே நம்பும் பழக்கம் கதை எழுதுகிறவனுக்கு ஆகாது.

ஐம்பது கேள்விகளும் இருக்கட்டும். அந்த அதிகாரியையும் நாயகனுக்குப் பக்கத்திலேயே உட்காரவைத்து, அதே கேள்விகளுக்குப் பதில் எழுதச் சொல்லி, அந்த அத்தியாயத்தை மறுபடி எழுதி அனுப்புங்கள்.