கொழுந்தனின் ஜக்குசிக்கு என் சம்பளத்தில் கடனா?

கேள்வி: பீடோர் பக்கம் இருக்கிறோம். தோட்டத்தை விட்டு வந்தபோது மாமனார் வாங்கிய தாமான் வீட்டைக் கொழுந்தன் ஹோம்ஸ்டே ஆக்குகிறார். "ஜக்குசி (நுரையடிக்கும் வெந்நீர்த் தொட்டி) இருந்தால்தான் ஆள் வரும் அண்ணி" என்று, என் கூட்டுறவில் 15,000 ரிங்கிட் கடன் எடுத்துத் தரச் சொல்கிறார். அவருடைய மோட்டார் கடனும் லோரி லைசென்ஸ் செலவும் ஏற்கெனவே என் பெயரில்தான். கரண்ட் பில் எவ்வளவு வரும்? 13 ஆம்பியர் பிளக்கில் ஓடும் வகை போதுமா?

பதில்: கரண்டை முதலில் முடித்துவிடுவோம். உங்களைக் கடிக்கப்போவது அது இல்லை.

1,000 லிட்டர் தண்ணீரை 27 டிகிரியிலிருந்து 38க்கு ஏற்ற சுமார் 13 யூனிட் வேண்டும். யூனிட்டுக்கு 45 சென் என்றால் 6 ரிங்கிட். மாதம் நாலு முறை தண்ணீர் மாற்றினால் 50 யூனிட். சூடு குறையாமல் இருக்க 3 கிலோவாட் ஹீட்டர் தினம் 2 மணி நேரம் ஓடுவதாக வைத்தால் 180. பம்பையும் சேர்த்து 250 யூனிட், 115 ரிங்கிட்டுக்குள். ஆனால் வீட்டின் மொத்தம் 600 யூனிட்டைத் தாண்டினால் மாதம் 10 ரிங்கிட் சில்லறை விற்பனைக் கட்டணமும் (ரீடெய்ல் சார்ஜ்), தாண்டிய யூனிட்டுகளுக்கு 8 விழுக்காடு சேவை வரியும் வரும். குறைவாகப் பயன்படுத்துவோருக்கான தள்ளுபடியும் சுருங்கும்.

13 ஆம்பியர் வகையின் ஹீட்டர் பெரும்பாலும் 2 கிலோவாட்டுக்குள்தான். தண்ணீர் சூடேற ஆறரை மணி நேரம். நுரைக் காற்றைப் போட்டால் பல மாடல்களில் ஹீட்டர் நின்றுவிடும், உட்கார்ந்திருப்பவர் காலடியிலேயே தண்ணீர் ஆறும். எக்ஸ்டென்ஷன் வயரில் மாட்டினால் பிளக் உருகிப்போகலாம். 110 வோல்ட் என்று எழுதியிருக்கும் மலிவுத் தொட்டி நம் 230 வோல்ட்டுக்கு ஆகாது.

பெரிய வகைக்கு 32 ஆம்பியரில் தனி எம்சிபி (மிகை மின்சாரத்தில் தானே அணையும் சுவிட்ச்), குறைந்தது 6 சதுர மில்லிமீட்டர் வயர், தொட்டியில் இருப்பவர் கைக்கு எட்டாமல் 2 மீட்டருக்கு அப்பால் ஐசோலேட்டர் (மின்சாரத்தை முழுதாகத் துண்டிக்கும் சுவிட்ச்) எல்லாம் வேண்டும். பழைய வீடுகளின் மெயினில் இருக்கும் 100 மில்லியாம்ப் ஆர்சிசிபி (மின்கசிவு வந்தால் அணையும் சுவிட்ச்) தண்ணீரில் இருப்பவரைக் காப்பாற்றாது. குளியலறை ஹீட்டருக்குப் போடுவதுபோல் 10 மில்லியாம்ப் ஆர்சிசிபி தனியாக வேண்டும். எர்த் ராட் (மண்ணில் இறக்கிய எர்த் கம்பி) துருப்பிடித்திருந்தால் அதையும் மாற்ற வேண்டும்.

சாதாரண வீட்டின் ஒற்றை ஃபேஸ் இணைப்பில் மின்வாரியமான டிஎன்பி தருவது 12 கேவிஏ வரை, அதாவது சுமார் 52 ஆம்பியர். தொட்டி 32, குளியல் ஹீட்டர் 16, இரண்டு ஏர்கான் 8: சனிக்கிழமை இரவு வீடே இருட்டு. மூன்று ஃபேஸுக்கு மாற்றுவது தனிச் செலவு. எதுவானாலும் பதிவு பெற்ற மின் ஒப்பந்ததாரரிடம் கொடுங்கள், வேலை முடிந்ததும் ஜி, எச் பாரங்களை (வேலை முடிந்ததற்கும் சோதித்ததற்கும் சான்று) கேட்டு வாங்குங்கள்.

இனி கடன். 8 விழுக்காடு நிலை வட்டி (கட்டக் கட்டக் குறையாமல், முழுக் கடனுக்கும் கடைசி வரை), 5 வருடம் என்று வையுங்கள். வட்டி மட்டும் 6,000. மாதம் 350 ரிங்கிட் உங்கள் சம்பளத்தில் பிடித்தம். "8 தானே" என்பார்கள். குறையும் நிலுவைக்குக் கணக்கிட்டால் அது 14ஐத் தொடும். கரண்டும் குளோரினும் சேர்ந்தால் மாதம் 500. தொட்டிக்காக இரவுக்கு 60 ரிங்கிட் கூடுதலாக வாங்கினாலும், கையைக் கடிக்காமல் இருக்கவே மாதம் எட்டு ஒன்பது இரவு ஆள் வர வேண்டும். சுங்கை கிளா வெந்நீர் ஊற்று பக்கத்து ஊரில் இருக்கிறது. பூமியே சூடாக்கித் தருவதோடு போட்டி போடுகிறார் உங்கள் கொழுந்தன்.

வீடு யார் பெயரில்? மாமனார் பெயரில். வாடகை யார் கைக்கு? கொழுந்தனுக்கு. கையெழுத்து மட்டும் உங்களுடையது, மூன்றாவது முறையாக. தொட்டி வேண்டுமா என்பதைவிட, கேட்டவுடன் பேனாவை எடுக்கும் இந்தப் பழக்கத்தைத்தான் யோசிக்க வேண்டும். மோட்டார் தவணை தாமதமானால் பேங்க் நெகாராவின் கடன் பதிவான சிசிஆர்ஐஎஸ்ஸில் நிற்பது உங்கள் பெயர். நாளை பிள்ளையின் படிப்புக்கோ வீட்டுக்கோ கடன் கேட்கும்போது பேங்க் அதைத்தான் பார்க்கும்.

கடனை அவரே தன் பெயரில் கேட்கட்டும். உதவித்தான் ஆக வேண்டும் என்றால், திரும்பி வராது என்று நினைத்தே 1,000 ரிங்கிட் கையில் கொடுங்கள், ஒயரிங்குக்கு ஆகட்டும். அதற்காக ஈபிஎஃப் மூன்றாம் கணக்கை (சேமநிதியில் எப்போது வேண்டுமானாலும் எடுக்கக்கூடிய பங்கு) தொடாதீர்கள். கணவர் முன்னிலையிலேயே சொல்லுங்கள், பிறகு "அண்ணிதான் தடுத்தார்" என்ற பேச்சு வராது. இந்த வாரமே மோட்டார் கடனின் நிலுவைக் கடிதத்தை எடுத்து, எத்தனை தவணையை அவர் கட்டினார், எத்தனையை நீங்கள் கட்டினீர்கள் என்று பக்கத்தில் எழுதிவையுங்கள். அவர் அடுத்த முறை வரும்போது அந்தத் தாள் மேசைமேல் இருக்கட்டும்.