நான்கு நிமிடம் எங்கே போனது?

அன்புள்ள ஐயா,

'டாம் யம் கூங்' என்ற தாய்லாந்து சண்டைப் படத்தின் டிவிடி வாங்க ஆசை. பழைய டிவிடி விற்கும் ஒருவரிடம் இரண்டு இருக்கின்றன. 'தி ப்ரொடெக்டர்' என்ற அமெரிக்க டிவிடியில் 84 நிமிடம் என்றும், 'வாரியர் கிங்' என்ற பிரிட்டிஷ் டிவிடியில் 104 நிமிடம் என்றும் போட்டிருக்கிறது. தாய்லாந்தில் வந்தது 108 நிமிடமாம். இரண்டுமே வெட்டியதுதான் என்றால் எதை வாங்கினால் என்ன? அதன் நாயகன் டோனி ஜா படத்துக்குக் கதைக்காகவா போகிறோம்? அவருடைய 'ஓங் பாக்' இதைவிட நல்ல படமா?

கே.

அன்புள்ள கே.,

கடைசிக் கேள்வியை விடுங்கள், இரண்டையும் பாருங்கள். ஆனால் "கதைக்காகவா போகிறோம்" என்று இன்னொரு முறை எழுதாதீர்கள். யானையைத் தேடி சிட்னிவரை போகிறவன் ஏன் இத்தனை எலும்பு முறிக்கிறான் என்று தெரியாமல் பார்த்தால் அது ஜிம் விளம்பரம். அமெரிக்கத் திரையரங்குப் பதிப்பில் சுமார் 25 நிமிடம் காலி, இசையும் ரிஸா (RZA) என்ற அமெரிக்க ஹிப்-ஹாப் கலைஞருடையது. அந்தப் பேச்சு போதும்.

உங்கள் 104க்கு வருவோம். ஒரு ஃப்ரேம்கூட வெட்டாமலே 108 நிமிடம் 104 ஆகும். சினிமா வினாடிக்கு 24 ஃப்ரேம், ஐரோப்பாவின் பால் (PAL) என்ற டிவி முறை 25. அங்கே டிவிடி போடுகிறவர்கள் படத்தை அப்படியே 25இல் ஓட்டிவிடுவார்கள். 108ஐ 24ஆல் பெருக்கி 25ஆல் வகுத்துப் பாருங்கள்: 103.7. அமெரிக்காவின் என்டிஎஸ்சி டிவி முறையில் சில ஃப்ரேம்களைத் திரும்பக் காட்டி இடத்தை நிரப்புவதால் நீளம் மாறாது. கேமரா மெதுவாகத் திரும்பும்போது லேசாக உதறும், அவ்வளவுதான்.

சரி, நான்கு நிமிடம்தானே என்பீர்கள். இங்கேதான் எனக்குக் கோபம் வருகிறது. ஆளைத் தூக்கும் கம்பி கிடையாது, கிராஃபிக்ஸ் கிடையாது என்று சொல்லி விற்ற உடம்பு டோனி ஜாவுடையது. உணவக மாடிப்படிகளில் அடித்துக்கொண்டே ஏறும் அந்த ஒரே ஷாட் ஏறக்குறைய 4 நிமிடம். 400 அடி பிலிம் ரோல் 4 நிமிடம் 27 வினாடிதான் ஓடும். அதற்குள் மேலே போய்ச் சேர்ந்தாக வேண்டும். மேல்மாடிக்கு வரும்போது அவர் அடி தளர்வது கண்ணுக்குத் தெரியும், அந்தச் சண்டையின் உயிரே அந்தத் தளர்ச்சிதான். பால் டிவிடியில் 240 வினாடி 230 ஆகிறது. ஒவ்வொரு முழங்காலும் 4 சதவீதம் வேகமாக விழுகிறது. சுருதியைச் சரிசெய்யாவிட்டால் குரலும் அரைச்சுரத்துக்குச் சற்றுக் குறைவாக மேலே ஏறிவிடும். களைத்துப்போன மனிதனை மெஷின் சுறுசுறுப்பாக்குகிறது. ஆக்‌ஷன் படத்துக்கு இதைவிடப் பெரிய துரோகம் வெட்டு ஒன்றுதான்.

24 ஃப்ரேமில் பதிந்த புளூ-ரே என்றால் இந்தத் தொல்லை இல்லை. ஆனால் மண்டலம் (எந்த நாட்டு பிளேயரில் ஓடும் என்ற குறி) பார்த்து வாங்குங்கள்: அமெரிக்காவும் தாய்லாந்தும் ஏ, ஐரோப்பா பி, இந்தியா சி. டிவிடியில் இந்தியா 5, பிரிட்டன் 2, அமெரிக்கா 1. லேப்டாப் டிரைவில் மண்டலத்தை ஐந்து முறைதான் மாற்றலாம், பிறகு பூட்டிக்கொள்ளும். விளையாட்டாக மாற்றிக்கொண்டிருக்காதீர்கள்.

இந்த இரண்டில் எது என்றால் 104. ஒருவேளை அந்த அமெரிக்க டிவிடி 2007இல் டிராகன் டைனஸ்டி நிறுவனம் போட்ட இரட்டை டிவிடியாக இருந்தால் அதையே எடுங்கள், அதில் அமெரிக்கப் பதிப்பும் தாய்லாந்துப் பதிப்பும் உண்டு. பணம் அனுப்புமுன் பெட்டியைத் திறந்து, இரண்டு டிவிடியும் தெரிகிற மாதிரி போட்டோ எடுத்து அனுப்பச் சொல்லுங்கள்.